இரண்டு முறை ஆல்டோ மோரோவாக நடித்தவர்

கிளிண்ட் ஈஸ்ட்வுட்டின் "எ ஃபிஸ்ட்ஃபுல் ஆஃப் டாலர்ஸ்" படத்தைப் பார்த்தவர்களுக்கு அந்தக் கடைசிச் சண்டை மறந்திருக்காது. மேலே ஒரு போர்வையைப் போர்த்திக்கொண்டு புகைக்கு நடுவிலிருந்து ஈஸ்ட்வுட் நடந்து வருவார். எதிரே நிற்கும் வில்லன் வின்செஸ்டர் துப்பாக்கியால் நெஞ்சைக் குறிபார்த்துச் சுடுவான். ஈஸ்ட்வுட் விழுவார், எழுந்திருப்பார், மறுபடியும் நடந்து வருவார். (உள்ளே இரும்புத் தகடு!) வில்லனின் முகத்தில் முதலில் திமிர், அப்புறம் சந்தேகம், அப்புறம் பயம்... ஒவ்வொன்றாக மாறுவதைப் பார்க்கலாம்.

அந்த வில்லன் ரமோன் ரோஹோவாக நடித்தவர் பெயர் டைட்டிலில் "ஜான் வெல்ஸ்" என்று வரும். அப்படி ஓர் அமெரிக்க நடிகர் கிடையாது. இத்தாலியர்கள் எடுத்த கௌபாய் படத்தை யார் பார்ப்பார்கள் என்ற பயத்தில் 1964-ல் எல்லோரும் அமெரிக்கப் பெயர் வைத்துக்கொண்டார்கள். இயக்குநர் செர்ஜியோ லியோனே கூட "பாப் ராபர்ட்சன்" ஆனார். இத்தாலியப் பிரதியில் ரமோனுக்குக் குரல் கொடுத்தவரும் வேறொருவர். ஆக, பெயரும் சொந்தம் இல்லை, குரலும் சொந்தம் இல்லை. முகம் மட்டும்தான் அவருடையது.

அந்த முகத்துக்குச் சொந்தக்காரர் ஜான் மரியா வொலொந்தே. அடுத்த வருடமே "ஃபார் எ ஃபியூ டாலர்ஸ் மோர்" படத்தில் எல் இந்தியோ என்ற போதைக்கு அடிமையான கொள்ளைக்காரனாக வந்து மிரட்டினார். வெளிநாட்டு ரசிகர்களில் பெரும்பாலோருக்கு அவரைப் பற்றித் தெரிந்தது இத்தோடு முடிந்துவிடுகிறது. இத்தாலியிலோ கதையே வேறு. அங்கே அவர் ஒரு காலத்தின் மனசாட்சி மாதிரி. 1969 முதல் 1980 வரை அந்த நாடு குண்டுவெடிப்பும் கடத்தலும் கொலையுமாகக் கிடந்தபோது அதன் முக்கியமான முகங்களையெல்லாம் திரையில் போட்டுக் காட்டியவர் அவர். அதிலும் ஒரு முகத்தை இரண்டு முறை. முதல் முறை கேலி செய்ய, இரண்டாம் முறை துக்கம் அனுசரிக்க. இரண்டுக்கும் நடுவில் அந்த மனிதரைக் கொன்றுவிட்டார்கள்.

வொலொந்தே 1933 ஏப்ரல் 9 அன்று மிலான் நகரில் பிறந்தார். வளர்ந்தது டூரினில். அப்பா மாரியோ, முசோலினியின் கட்சிக்காரர். சாதாரணத் தொண்டரும் அல்ல, போரின் கடைசிக் கட்டத்தில் டூரினுக்குப் பக்கத்தில் கிவாஸோ என்ற ஊரில் "கறுப்புப் படை" எனப்பட்ட பாசிசப் படைப்பிரிவுக்குத் தலைவர். போர் முடிந்ததும் சிறைக்குப் போனார். வசதியான குடும்பத்தில் பிறந்த அம்மா இரண்டு பையன்களை வைத்துக்கொண்டு திண்டாடினார். மூத்தவன் பதினான்கு வயதில் படிப்பை நிறுத்தினான். பிரான்சுக்குப் போய் ஆப்பிள் பறித்தான். பிறகு ஊர் ஊராகப் போய்க் கொட்டகை போடும் ஒரு நாடகக் குழுவில் ஒட்டிக்கொண்டான். பாசிசத் தளபதியின் மகன் பின்னாளில் கம்யூனிஸ்ட் கட்சியில் சேர்ந்ததற்குக் காரணம் தேடினால், இந்த வருடங்களில்தான் தேட வேண்டும்.

ரோமில் இருந்த தேசிய நாடகப் பள்ளியில் படித்து 1957-ல் வெளியே வந்தார். 1959-ல் இத்தாலியத் தொலைக்காட்சியில் தஸ்தயேவ்ஸ்கியின் "அசடன்" தொடராக வந்தது. அதில் ரகோஜினாக நடித்ததும் வீட்டுக்கு வீடு தெரிந்த முகமானார். சினிமாவில் முதல் பெரிய வேடம் 1962-ல், தவியானி சகோதரர்களும் வாலெந்தினோ ஓர்சினியும் சேர்ந்து எடுத்த படத்தில். சிசிலியில் மாபியா கொன்ற ஒரு விவசாய சங்கத் தலைவரின் வாழ்க்கையை வைத்து எழுதிய பாத்திரம் அது. அதாவது, ஆரம்பமே நிஜ மனிதர்தான்!

1965-ல் இன்னொரு வம்பு. யூதர் படுகொலையின்போது போப் பன்னிரண்டாம் பயஸ் மௌனமாக இருந்தார் என்று குற்றம் சாட்டும் ஜெர்மானிய நாடகம் ஒன்றை ரோமிலேயே மேடையேற்றப் போனார். போலீஸ் வந்து தடுத்துவிட்டது. ரோம் புனித நகரம், அங்கே இதெல்லாம் கூடாது என்று அரசுக்கும் வாட்டிகனுக்கும் இருந்த பழைய ஒப்பந்தத்தைக் காட்டினார்கள். ஒரு பக்கம் போலீஸ் தடை, இன்னொரு பக்கம் டாலர் படங்களில் துப்பாக்கி. இரண்டும் ஒரே காலத்தில் நடந்தன என்பதுதான் வேடிக்கை.

அவரைச் சரியாகப் பயன்படுத்தியவர் இயக்குநர் எலியோ பெட்ரி. இருவரும் சேர்ந்து நான்கு கதைப் படங்கள் செய்தார்கள். முதலாவது 1967-ல், சிசிலி எழுத்தாளர் லியோனார்டோ ஷாஷாவின் நாவலை வைத்து எடுத்தது. (இந்த ஷாஷாவின் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், மறுபடியும் வருவார்.) இரண்டாவதுதான் 1970-ல் வந்த "சந்தேகத்துக்கு அப்பாற்பட்ட ஒரு குடிமகன் மீதான விசாரணை". கொலைப் பிரிவின் போலீஸ் அதிகாரி ஒருவர் தன் காதலியைக் கொன்றுவிடுகிறார். கைரேகையை வேண்டுமென்றே விட்டு வைக்கிறார், டையின் நூலை விட்டு வைக்கிறார். தன்னைப் பிடிக்க எவனுக்காவது துணிச்சல் இருக்கிறதா என்று பார்க்கிறார். ஒருவனுக்கும் இல்லை. எண்ணெய் தடவி வாரிய தலை, படபடவென்று பேச்சு, கீழே இருப்பவனிடம் கர்ஜனை, மேலே இருப்பவனிடம் குழைவு... அதிகாரத்தில் இருக்கும் ஒருவன் உள்ளே எவ்வளவு சின்னப் பையனாக இருக்க முடியும் என்பதை இதைவிட நன்றாக எவரும் நடித்துக் காட்டியதில்லை. படத்துக்குச் சிறந்த வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கர் கிடைத்தது.

படம் வந்த நேரமும் முக்கியம். 1969 டிசம்பர் 12 அன்று மிலானில் பியாட்ஸா ஃபோந்தானா சதுக்கத்தில் ஒரு வங்கியில் குண்டு வெடித்து 17 பேர் இறந்தார்கள். போலீஸ் அராஜகவாதிகளைப் பிடித்தது. அவர்களில் ஒருவரான ஜுஸெப்பே பினெல்லி என்ற ரயில்வே தொழிலாளி, மூன்று நாள் கழித்து விசாரணை நடந்த போலீஸ் அலுவலகத்தின் ஜன்னலிலிருந்து விழுந்து இறந்தார். தற்கொலை என்றது போலீஸ். 1975-ல் ஒரு நீதிபதி, தற்கொலையும் இல்லை, கொலையும் இல்லை, திடீரென்று உடம்புக்கு முடியாமல் போய் விழுந்திருக்கிறார் என்று எழுதினார்! குண்டு வைத்தது நவபாசிசக் கும்பல் என்று நீதிமன்றம் சொன்னது 2005-ல். இந்தப் படம் வெளியானதோ குண்டு வெடித்து இரண்டே மாதத்தில். அதே வருடம் பெட்ரியும் வொலொந்தேவும் ஒரு சின்ன ஆவணப்படமும் எடுத்தார்கள். பினெல்லி எப்படி விழுந்தார் என்று அதிகாரிகள் சொன்ன கதைகளை ஒவ்வொன்றாக ஓர் அறைக்குள் நடித்துப் பார்த்தார்கள். எதுவும் பொருந்தவில்லை. நடிப்பையே தடயப் பரிசோதனையாக ஆக்கிய படம் அது.

அதற்குப் பிறகு வந்த பட்டியலைப் பார்த்தால் தலை சுற்றும். 1971-ல் "சாக்கோ - வான்ஸெட்டி" படத்தில், 1927-ல் அமெரிக்காவில் மின்சார நாற்காலியில் கொல்லப்பட்ட இத்தாலியத் தொழிலாளி வான்ஸெட்டி. அதே வருடம் "தொழிலாளி வர்க்கம் சொர்க்கத்துக்குப் போகிறது" படத்தில் இயந்திரத்தோடு போட்டி போட்டு விரலைப் பறிகொடுக்கும் லூலூ. 1972-ல் பிரான்செஸ்கோ ரோசியின் படத்தில் எண்ணெய்த் துறைத் தலைவர் என்ரிகோ மத்தேயி. 1962-ல் விமானம் விழுந்து இறந்த மத்தேயியின் சாவு இன்றுவரை சர்ச்சைதான். அந்தப் படத்துக்காகத் தகவல் சேகரித்துக்கொண்டிருந்த மௌரோ டி மௌரோ என்ற பத்திரிகையாளர் 1970 செப்டம்பரில் பலெர்மோவில் காணாமல் போனார், திரும்பவே இல்லை. 1972 கான் திரைப்பட விழாவில் முதல் பரிசை இரண்டு படங்கள் பகிர்ந்துகொண்டன. ஒன்று லூலூவின் கதை, இன்னொன்று மத்தேயியின் கதை. இரண்டிலும் கதாநாயகன் ஒரே ஆள்! 1973-ல் ஜியோர்டானோ புரூனோ, அதே வருடம் மாபியாத் தலைவன் லக்கி லூசியானோ.

திரைக்கதை கைக்கு வந்ததும் அதைத் தன் கையெழுத்தில் திரும்ப எழுதிப் பார்ப்பது அவர் வழக்கம். வசனம் மனப்பாடம் ஆக மட்டும் அல்ல, அந்த மனிதன் எப்படி யோசிப்பான் என்று பிடிபடுவதற்காக. இத்தாலியப் படங்களில் நடிகருக்கு வேறொருவர் டப்பிங் கொடுப்பது அப்போது சர்வசாதாரணம். ஒரு நடிகரின் முகத்தையும் குரலையும் பிரிக்கக் கூடாது என்று நடிகர் சங்கத்தில் சண்டை போட்டவர்களில் அவர் முக்கியமானவர். ரமோனுக்கு நேர்ந்தது மனதில் இருந்திருக்குமோ என்னவோ.

இனி ஆல்டோ மோரோ.

அவர் கிறிஸ்தவ ஜனநாயகக் கட்சியின் பெரிய தலைவர், சட்டப் பேராசிரியர், பல முறை பிரதமர். முன்நெற்றிக்கு மேலே ஒரு வெள்ளை முடிக்கற்றை, எப்போதும் களைத்த கண்கள், மெதுவான குரல். ஒரு வாக்கியத்தை ஆரம்பித்தால் எங்கே முடிப்பார் என்று பத்திரிகைக்காரர்களுக்கே தெரியாது. போருக்குப் பின் முப்பது வருடமாக அந்தக் கட்சிதான் எல்லா ஆட்சியிலும் இருந்தது. ஊழல், உட்பூசல், மாபியாத் தொடர்பு என்று ஊரே பேசியது. மோரோவோ மெல்ல மெல்லக் கம்யூனிஸ்டுகளோடு ஓர் உடன்பாட்டுக்கு வழி பார்த்துக்கொண்டிருந்தார்.

1976 ஏப்ரல் கடைசியில் பெட்ரியின் "தோதோ மோதோ" வெளியானது. மூலக்கதை மறுபடியும் ஷாஷா. ஆளுங்கட்சிப் பெருந்தலைகளும் முதலாளிகளும் நிலத்துக்கு அடியில் கட்டிய ஒரு மடத்தில் தியானப் பயிற்சிக்காகக் கூடுகிறார்கள். வெளியே ஏதோ கொள்ளைநோய். உள்ளே பாவமன்னிப்பு கேட்டுக்கொண்டே பங்குச் சண்டை. ஒவ்வொருவராகக் கொல்லப்படுகிறார்கள். அவர்களுக்கு நடுவில் "எம்" என்று மட்டும் பெயர் கொண்ட தலைவர், கைகளைக் கோத்துக்கொண்டு, தலையைச் சாய்த்துக்கொண்டு, எல்லோரையும் சமாதானப்படுத்தியபடி, பூனை மாதிரி நடந்து வருகிறார். அது யார் என்று எந்த இத்தாலியனுக்கும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. அப்போது நாட்டின் பிரதமரே மோரோதான்! கடைசியில் எம்மும் சுடப்பட்டுச் சாகிறார்.

இந்தப் படத்தைப் பற்றிப் பெட்ரி ஒரு விஷயம் சொல்லியிருக்கிறார். முதல் இரண்டு நாள் எடுத்த காட்சிகளைத் தானும் வொலொந்தேவும் தயாரிப்பாளரும் பேசிவைத்துத் தூக்கிப் போட்டுவிட்டார்களாம். காரணம், வொலொந்தே மோரோ மாதிரி இருந்தது வயிற்றைப் பிசையும் அளவுக்கு அச்சு அசலாக இருந்ததாம். கேலி செய்ய வந்தவர்களுக்கே பார்க்கக் கூச்சமாகிவிட்டது! பிறகு கொஞ்சம் குறைத்துக்கொண்டு எடுத்ததுதான் நாம் பார்க்கிற படம்.

ஜூன் மாதம் தேர்தல். கிறிஸ்தவ ஜனநாயகக் கட்சிக்கு 38.7 சதவீதம், கம்யூனிஸ்டுகளுக்கு அதுவரை கிடைக்காத 34.4 சதவீதம். படம் சீக்கிரமே திரையரங்குகளிலிருந்து மறைந்தது.

இந்த இடத்தில் அவருடைய சொந்த வாழ்க்கையையும் சொல்லியாக வேண்டும். 1975-ல் கம்யூனிஸ்ட் கட்சி சார்பில் ரோம் நகரம் அடங்கிய லாட்சியோ மாநில அவைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். உறுப்பினர் வேலை ஒத்துவரவில்லை, சில மாதங்களிலேயே விலகினார். 1977-ல் அதைவிடப் பெரிய அடி. அவர் தம்பி கிளவுதியோவும் நடிகர்தான். ரோமில் ஒரு தகராறின்போது விலக்க வந்த மனிதரைக் கத்தியால் குத்திக் கொன்றார், பிறகு சிறையில் தூக்குப் போட்டுக்கொண்டார். அண்ணன் இதைப் பற்றி வெளியில் பேசியதே அபூர்வம்.

1978 மார்ச் 16. கம்யூனிஸ்டுகளின் ஆதரவோடு அமைந்த புதிய அரசு நம்பிக்கை வாக்குக் கோர வேண்டிய நாள். பாராளுமன்றத்துக்குக் கிளம்பிய மோரோவின் காரை ரோமில் வியா ஃபானி தெருவில் "சிவப்புப் படையினர்" என்ற தீவிர இடதுசாரிக் குழு மறித்தது. பாதுகாவலர் ஐந்து பேரும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். மோரோவைத் தூக்கிக்கொண்டு போனார்கள். 55 நாள். ஒரு சாதாரணக் குடியிருப்பு வீட்டில், புத்தக அலமாரிக்குப் பின்னால் மறைத்த பொந்து போன்ற அறையில் இருந்துகொண்டு அவர் கடிதம் கடிதமாக எழுதினார். மனைவிக்கு, கட்சிக்காரர்களுக்கு, போப்புக்கு. என்னை விடுவிக்கப் பேச்சுவார்த்தை நடத்துங்கள் என்று.

அரசு பேச மறுத்தது. கிறிஸ்தவ ஜனநாயகக் கட்சியும் மறுத்தது, கம்யூனிஸ்ட் கட்சியும் மறுத்தது. பயங்கரவாதிகளுக்குப் பணியக் கூடாது என்பது அவர்கள் நியாயம், அதில் அர்த்தம் இல்லை என்று சொல்லிவிட முடியாது. ஆனால் அதற்கு மேலும் ஒன்று செய்தார்கள். கடிதம் எழுதுவது எங்களுக்குத் தெரிந்த மோரோவே அல்ல, மிரட்டி எழுத வைக்கிறார்கள், என்றார்கள். உயிரோடு இருக்கும் ஒரு மனிதரின் குரலை அவருடைய நண்பர்களே அவரிடமிருந்து பிரித்து எடுத்தார்கள். மே 9 அன்று வியா கயெத்தானி தெருவில் நின்ற சிவப்பு ரெனோ 4 காரின் பின்பகுதியில் உடல் கிடைத்தது. ஒரு பக்கம் போனால் அவருடைய கட்சி அலுவலகம், இன்னொரு பக்கம் போனால் கம்யூனிஸ்ட் தலைமையகம். இரண்டும் நடந்து போகிற தூரம்தான். அரசியல்வாதிகள் யாரும் என் சவ அடக்கத்துக்கு வரக் கூடாது என்று அவர் எழுதியிருந்தார். குடும்பம் அப்படியே செய்தது. போப் கலந்துகொண்ட அரசாங்கத் திருப்பலி மே 13-ல் உடல் இல்லாமலே நடந்தது.

இப்போது "தோதோ மோதோ"வை நினைத்துப் பாருங்கள். மோரோவைச் சாகடித்த படம்! இரண்டே வருடத்தில் அது நிஜமாகிவிட்டது. ஷாஷா சும்மா இருக்கவில்லை. அதே 1978-ல் மோரோவின் கடிதங்களை வரி வரியாகப் படித்து ஒரு நூல் எழுதினார். எழுதியது மோரோதான், முழு அறிவோடுதான் எழுதினார் என்று வாதாடினார். பெட்ரி 1982-ல் புற்றுநோயில் 53 வயதில் இறந்தார். வொலொந்தே தன் கணக்கைத் தீர்க்க எட்டு வருடம் ஆனது.

நடுவில் அவர் முடங்கிக் கிடக்கவில்லை. 1979-ல் "கிறிஸ்து எபோலியில் நின்றுவிட்டார்" படத்தில், முசோலினி தெற்கே ஒரு மலைக் கிராமத்துக்கு நாடு கடத்திய ஓவியர் கார்லோ லேவியாக நடித்தார். பேசுவதைவிடக் கேட்பதே அதிகம் உள்ள வேடம். கர்ஜித்த நடிகர் இவர்தானா என்று தோன்றும். நுரையீரல் புற்றுநோயோடு போராடி மீண்டார். 1983-ல் கானில் சிறந்த நடிகர் பரிசு கிடைத்தது.

1986-ல் ஜுஸெப்பே ஃபெர்ராரா என்ற இயக்குநர் "மோரோ வழக்கு" எடுத்தபோது வொலொந்தே மறுபடி மோரோ ஆனார். அதே வெள்ளை முடிக்கற்றை, அதே சாய்ந்த தலை, அதே மெல்லிய குரல். பத்து வருடத்துக்கு முன் சிரிப்பு மூட்டிய ஒவ்வொரு அசைவும் அங்கே இருக்கிறது, ஆனால் சிரிக்க முடியாது. படுக்கைக்கும் சுவருக்கும் நடுவே இரண்டு அடி இடத்தில் உட்கார்ந்துகொண்டு, மடியில் காகிதத்தை வைத்து எழுதுகிறார். தன்னைக் கடத்தி வந்த இளைஞர்களிடம் ஒரு பேராசிரியர் மாணவர்களிடம் பேசுவது போலப் பொறுமையாகப் பேசுகிறார். முன்பு வழவழவென்று தெரிந்த நீண்ட வாக்கியங்கள் இப்போது உயிர் பிழைக்க ஒரு மனிதன் போடும் கணக்காகத் தெரிகின்றன.

உண்மையைச் சொன்னால் படம் என்ற வகையில் "தோதோ மோதோ"தான் பெரிய படைப்பு. ஃபெர்ராராவின் படம் செய்தித்தாள் வாசிப்பது போலத் தேதி தேதியாக நகர்கிறது, சில இடங்களில் தொலைக்காட்சி நாடகம் மாதிரி இருக்கிறது. ஆனால் நடிப்பில் இரண்டாவதுதான் மேல். முதல் மோரோவில் வொலொந்தே அவரை வெளியிலிருந்து பார்த்து அப்படியே பிடித்திருக்கிறார். இரண்டாவதில், நண்பர்கள் பிரித்து எடுத்த குரலைத் திருப்பிக் கொடுக்கிறார். கடிதங்கள் மோரோவுடையவைதான் என்று ஷாஷா நூறு பக்கத்தில் வாதாடியதை அந்த முகம் பார்த்தவுடன் நம்ப வைக்கிறது. பாசிசத் தளபதியின் மகன், கம்யூனிஸ்ட் நடிகன், தன் கட்சியும் சேர்ந்து கைவிட்ட ஒரு கிறிஸ்தவ ஜனநாயகவாதிக்காக இதைச் செய்தார் என்பதுதான் விசேஷம். 1987 பெர்லின் விழாவில் சிறந்த நடிகருக்கான வெள்ளிக் கரடி அவருக்குக் கிடைத்தது.

அவருக்குப் பிறகும் மோரோவாகப் பலர் நடித்துவிட்டார்கள். மார்கோ பெல்லோக்கியோ 2003-ல் ஒரு படமும் 2022-ல் ஒரு தொடரும் எடுத்தார். இந்தப் பெல்லோக்கியோ 1972-ல் வொலொந்தேவை ஒரு பத்திரிகை ஆசிரியராக நடிக்க வைத்தவர்தான். "தோதோ மோதோ"வும் நீண்ட காலம் கண்ணில் படாமல் இருந்து 2014-ல் புதுப்பித்து வெளிவந்தது.

கடைசி வருடங்களில் ஷாஷா திரும்பவும் வருகிறார். 1990-ல் "திறந்த கதவுகள்". முசோலினி காலத்தில், 1937-ல், மூன்று பேரைக் கொன்ற ஒருவனுக்கு எல்லோரும் தூக்கு கேட்கும்போது மரண தண்டனை கூடாது என்று தனியாக நிற்கும் நீதிபதி வேடம். அதற்குள் ஷாஷா இறந்துவிட்டிருந்தார். 1991-ல் "ஓர் எளிய கதை", அதுவும் ஷாஷாதான். அதே வருடம் வெனிஸ் விழாவில் வாழ்நாள் சாதனைக்கான தங்கச் சிங்கம் கொடுத்தார்கள்.

1994 டிசம்பரில் கிரேக்க இயக்குநர் தியோ ஆஞ்சலோபூலோஸின் "யுலிஸஸின் பார்வை" படப்பிடிப்புக்காக வட கிரேக்கத்தில் ஃப்ளோரினா என்ற ஊருக்குப் போயிருந்தார். போர் நடக்கும் சரயேவோவில், குண்டுகளுக்கு நடுவே பழைய படச்சுருள்களைக் காப்பாற்றி வைத்திருக்கும் ஒரு கிழவர் அவருடைய வேடம். கழுவாமலே கிடக்கும் மூன்று சுருள்களிலிருந்து முகங்களை வெளியே கொண்டுவரப் பாடுபடுகிறவர். டிசம்பர் 6 அன்று தங்கியிருந்த இடத்தில் மாரடைப்பால் இறந்தார். வயது 61. அந்த வேடத்தைப் பிறகு சுவீடன் நடிகர் எர்லாண்ட் யோசெஃப்சன் செய்தார். வொலொந்தேவைச் சார்டீனியாவுக்கு வடக்கே, அவர் படகு ஓட்டித் திரிந்த லா மத்தலேனா தீவில் புதைத்தார்கள்.